குரூசோவின் அப்பா எங்கே பிறந்தார்?

ராபின்சன் குரூசோ அசல் ஆங்கிலேயன் இல்லை. நாவலின் முதல் பத்தியிலேயே அவன் அதைச் சொல்லிவிடுகிறான். அப்பா ஜெர்மனியின் பிரேமன் நகரத்துக்காரர். ஹல் துறைமுகத்துக்கு வந்து வியாபாரத்தில் நாலு காசு சேர்த்து, யார்க் நகரில் குடியேறியவர். குடும்பப் பெயர் க்ரொய்ட்ஸ்நாயர். அது ஆங்கிலேயர் வாயில் நுழையாமல் திரிந்து திரிந்து குரூசோ ஆயிற்று. சிறுவர் பதிப்புகளில் முதலில் வெட்டுப்படுவது இந்தப் பத்திதான். பிள்ளைகளுக்குப் புயல் போதும், ஆடு போதும், மணலில் பதிந்த காலடி போதும் என்று நினைத்துவிடுகிறார்கள்.

1719-இல் இதை எழுதிய டேனியல் டீஃபோ தெரியாத்தனமாக வைத்த விவரம் அல்ல இது. அதற்குப் பதினெட்டு ஆண்டுகள் முன்பே, 1701-இல், கலப்பில்லாத ஆங்கிலேயன் என்று மார்தட்டுகிறவர்களைக் கேலி செய்து நீண்ட கவிதை ஒன்றை எழுதிப் புகழ் பெற்றவர் அவர். ஆங்கில இலக்கியத்தின் மிகப் பெரிய தனித்தீவுக் கதைக்கு அவர் வந்தேறியின் மகனைத் தேடிப் பிடித்து நாயகனாக்கினார். அவனும் இருபத்தெட்டு ஆண்டுகள் தீவில் உட்கார்ந்து, எவரும் கேட்காமலேயே இங்கிலாந்தை அங்கே கட்டி எழுப்புகிறான். வேலி போடுகிறான், கணக்கு எழுதுகிறான், ஒரு ஆள் கிடைத்ததும் அவனை வேலைக்காரனாக்கி ‘எஜமான்’ என்று கூப்பிடச் சொல்கிறான். அவனுடைய கப்பல் தரைதட்டியது அடிமைகளைப் பிடித்துவரப் போகும் வழியில் என்பதும் சிறுவர் பதிப்பில் இருக்காது.

நான் நீலகிரியில் கிளை நூலகராக இருந்து ஓய்வு பெற்றவன். கரையொதுங்கியவர்களின் கதை ஒருநாளும் அலமாரியில் தூங்கியதில்லை. குரூசோவும், பாண்டிச்சேரிப் பையன் புலியோடு படகில் மிதக்கும் யான் மார்டலின் ‘லைஃப் ஆஃப் பை’யும் அட்டை கிழியக் கிழியப் போய் வரும். சாகசக் கதை என்று எடுத்துப் போகிறார்கள், அதில் தப்பில்லை. ஆனால் நான் அவற்றைத் தேசத்தைப் பற்றிய கதைகளாகத்தான் படிக்கிறேன். நம்மிடம் இதே வகையில் எழுதப்பட்ட புத்தகங்கள் இருந்தும் அந்த வரிசையில் வைக்க நமக்குத் தோன்றவில்லை என்பது என் குறை.

குரூசோவுக்கு முன்மாதிரி என்று பலரும் சொல்லும் அலெக்சாண்டர் செல்கர்க்கை எடுத்துக்கொள்வோம். ஸ்காட்லாந்தின் ஃபைஃப் பகுதிக்காரர். கப்பல் ஓட்டை, இதில் ஏறினால் செத்துப்போவோம் என்று தலைவரோடு சண்டை போட்டு, 1704-இல் பசிபிக் கடலின் ஹுவான் ஃபெர்னாண்டஸ் தீவுக்கூட்டத்தில் ஒரு தீவில் இறங்கிவிட்டார். (கப்பலும் பிறகு மூழ்கத்தான் செய்தது.) 1709 பிப்ரவரியில் வுட்ஸ் ரோஜர்ஸின் கப்பல் வந்தபோது ஆட்டுத்தோல் உடுத்தி நின்றார், பேச்சு பாதி பாதியாக வந்தது. இதற்கிடையில் 1707 மே 1 அன்று இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் ஒரே ராஜ்ஜியமாகிவிட்டன. அவர் விட்டுவந்த நாடு தனி நாடாக இல்லை. அவர் ஆடு துரத்திக்கொண்டிருந்த நேரத்தில் அவரை வேறொரு நாட்டுக்காரர் ஆக்கிவிட்டார்கள். அதனால் அவருக்கு ஏதும் குறைந்ததா? ஒன்றுமில்லை. ஏறிய கப்பலிலேயே மேட் வேலை கொடுத்தார்கள். எந்த நாட்டுப் பிரஜை என்று யாரும் விசாரித்ததாகத் தெரியவில்லை.

இன்னொருவர் கதை எனக்கு நெருக்கமானது. ராபர்ட் நாக்ஸ். கிழக்கிந்தியக் கம்பெனிக்காக ஓடிய ‘ஆன்’ என்ற கப்பல் மசூலிப்பட்டினத்தில் புயலில் சிக்கிப் பாய்மரத்தை இழந்து, பழுதுபார்க்கத் திருகோணமலைக்குப் பக்கத்தில் கொட்டியாரக் குடாவுக்கு வந்தது. 1660-இல் கண்டி அரசன் இரண்டாம் ராஜசிங்கனின் ஆட்கள், கப்பல் தலைவரான நாக்ஸின் அப்பா உட்படப் பதினாறு பேரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். சிறையில் அடைக்கவில்லை. ஊருக்கு ஒருவராகப் பிரித்து விட்டு, ஊரார் சோறு போட வேண்டும் என்று உத்தரவு. அடுத்த ஆண்டே அப்பா காய்ச்சலில் இறந்தார். இருபது வயதுப் பிள்ளை உடனிருந்த ஒரு பையனின் உதவியோடு குழி வெட்டிப் புதைத்தார். பிறகு குல்லாய் பின்னி விற்றார். நெல்லை வட்டிக்கு விட்டார். ஒரு கிழவரிடம் ஆங்கில பைபிள் ஒன்று இருப்பதைக் கண்டு, பின்னிய குல்லாய் ஒன்றைக் கொடுத்து வாங்கிக்கொண்டார்.

பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேல் அப்படி இருந்துவிட்டு, 1679-இல் இன்னொரு கைதியோடு, சில்லறை வியாபாரிபோல் அநுராதபுரம் வரை வந்து, ஆற்றோரமாகக் காட்டுக்குள் நடந்து, மன்னார்ப் பக்கம் அரிப்பில் இருந்த டச்சுக்காரர் கோட்டையை அடைந்தார். 1681-இல் லண்டனில் புத்தகம் வந்தது. அதே கம்பெனி அவரை ஒரு கப்பலுக்கே தலைவராக்கியது. அதுவரையான வாழ்நாளில் பாதியைச் சிங்களம் பேசிக் கழித்தவர் தாடியும் வெறுங்காலுமாக வந்து நின்றபோது, ஆங்கிலேயன் என்று அவர் சொன்ன வாய்ச்சொல்லே போதுமானதாக இருந்தது. உடன் பிடிபட்டவர்களில் பலர் அங்கேயே சிங்களப் பெண்களைக் கட்டிக்கொண்டு பிள்ளைகுட்டிகளோடு தங்கிவிட்டார்கள். அவர்கள் புத்தகம் எழுதவில்லை. கரையொதுங்கல் புத்தகங்களைத் திரும்பி வந்தவர்கள் எழுதுகிறார்கள், அதனால்தான் அவை எல்லாம் ஊர் திரும்பும் கதைகளாக இருக்கின்றன.

நாக்ஸ் தப்பி ஓடிய பாதையை வரைபடத்தில் விரல் வைத்துப் பார்த்தால் எனக்கு வேறொரு கூட்டம் எதிரே நடந்து வரும். பத்தொன்பதாம் நூற்றாண்டில் காப்பித் தோட்டத்துக்குத் தமிழ்நாட்டிலிருந்து கங்காணிகள் ஆள் கூட்டிப் போனது ஏறக்குறைய அதே தடத்தில்தான், எதிர்த்திசையில். மன்னார், அரிப்புக் கரையில் இறக்கி, காட்டு வழியே தம்புள்ளை, மாத்தளை என்று நடத்திப் போனார்கள். வழியில் செத்து விழுந்தவர்களுக்குச் சரியான கணக்கு கிடையாது. பின்னால் காப்பி போய்த் தேயிலை வந்தது, நடை போய் ரயில் வந்தது. துறையூர்ப் பக்கத்து என் தாத்தா அப்படிப் போனவர். அப்பா தலவாக்கலைப் பக்கம் ஒரு தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீட்டில், பிறந்தார், நானும் அதே லயத்தில்தான்.

1948-இல் சுதந்திர இலங்கை முதல் வேலையாகக் குடியுரிமைச் சட்டம் கொண்டுவந்தது. இலங்கையில் பிறந்திருந்தால் மட்டும் போதாது. அப்பாவும் அங்கே பிறந்திருக்க வேண்டும், இல்லையென்றால் அப்பாவழித் தாத்தாவும் பூட்டனும் அங்கே பிறந்திருக்க வேண்டும். என் அப்பா அங்கே பிறந்தவர், தாத்தா பிறக்கவில்லை. ஆகவே அப்பா குடிமகன் இல்லை. அப்பா குடிமகன் இல்லாததால், சட்டம் வந்தபின் பிறந்த நானும் இல்லை. அடுத்த ஆண்டுச் சட்டத்தில் ஒரு சந்து விட்டார்கள். இத்தனை ஆண்டு இடைவிடாமல் குடியிருந்ததாகக் காட்டினால் பதிவு செய்துகொள்ளலாம் என்றார்கள். லயத்துக் காம்பராவில் வாடகை ரசீதுக்கு எங்கே போவது?

இப்போது அந்தச் சட்டத்தை எடுத்துக் குரூசோ மேல் போட்டுப் பாருங்கள். பிறந்தது யார்க். அப்பா பிறந்தது பிரேமன். விண்ணப்பம் நிராகரிக்கப்படும். மூன்று நூற்றாண்டாக உலகம் ஆங்கிலேயக் குணத்துக்கு உதாரணமாகக் காட்டிவரும் மனிதன், ஹட்டன் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் பிறந்திருந்தால் என் அப்பாவோடு காலையில் ஆள் கணக்கெடுக்கும் பிரட்டுக் களத்தில் நின்றிருப்பான், ஓட்டுரிமை இல்லாமல்.

1964 அக்டோபர் 30 அன்று இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டார்கள். ஒன்பது லட்சத்து எழுபத்தைந்தாயிரம் பேரைப் பங்கு பிரித்தார்கள். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி ஒன்றரை லட்சம் பின்னால் பார்த்துக்கொள்ளலாம் என்று. அந்த மீதியை 1974-இல் ஆளுக்கு எழுபத்தைந்தாயிரமாக வெட்டிக்கொண்டார்கள். சம்பந்தப்பட்டவர்களை யாரும் கேட்கவில்லை. ஒப்பந்தம் போட்ட இரண்டாவது மாதமே தனுஷ்கோடியைப் புயல் கொண்டுபோனது. ஆகவே தலைமன்னாரில் கப்பல் ஏறிய எங்கள் ஆட்கள் ராமேஸ்வரத்தில் இறங்கினார்கள்.

தோட்டங்கள் இருந்த மலையகத்திலிருந்து தலைமன்னார் போன ரயிலுக்கு ஒப்பாரிக் கோச்சி என்று பெயர். ஒவ்வொரு ஸ்டேஷனிலும் ஏறுகிறவர்களும் வழியனுப்புகிறவர்களும் மாரடித்து அழுவார்கள். எங்கள் வீட்டில் அம்மா தகரப் பெட்டியில் கொழுந்து பறிக்கும்போது இடுப்பில் கட்டும் படங்குச் சாக்கையும், மழைக்குப் போர்த்தும் கம்பளியையும் மடித்து வைத்தாள். “இந்தியாவுல இது எதுக்கு?” என்று அப்பா திட்டினார். மண்டபம் முகாமில் குடும்ப அட்டை கொடுத்து, எங்கே போய் என்ன தொழில் செய்வது என்று எழுதிக் கொடுத்தார்கள். சில மாதம் கழித்து நாங்கள் வந்து சேர்ந்தது கூடலூர்ப் பக்கம். எங்களைப் போன்றவர்களுக்கு வேலை கொடுக்கவென்றே தமிழ்நாடு அரசு 1968-இல் தொடங்கிய தேயிலைத் தோட்டம். அம்மா பெட்டியைத் திறந்து படங்குச் சாக்கை எடுத்துக் கட்டிக்கொண்டாள். அங்கே இந்தியாக்காரன் என்றார்கள், இங்கே இன்றைக்கும் சிலோன்காரன் என்கிறார்கள்.

எல்லாக் கரையொதுங்கல் கதையிலும் கப்பல் வந்தால் துன்பம் முடியும். எங்களுக்கு அந்தக் கப்பல் வந்ததில்தான் துன்பம் தொடங்கியது. அலமாரியில் இடம் கேட்கும் புத்தகங்கள் இதைத்தான் சொல்கின்றன. 1947 தேர்தலில் தலவாக்கலையிலிருந்து நாடாளுமன்றம் போனவர் சி.வி. வேலுப்பிள்ளை. அடுத்த தேர்தலில் அவருக்கு ஓட்டுப் போட்டவர்களுக்கே ஓட்டு இல்லை. அவர் எழுதிய நாவலின் பெயர் ‘வீடற்றவன்’. தெளிவத்தை ஜோசப் தன் சிறுகதைத் தொகுப்புக்குப் பாரதி பாட்டிலிருந்து எடுத்து ‘நாமிருக்கும் நாடே’ என்று பெயர் வைத்தார். அந்தப் பாட்டைப் பள்ளியில் உற்சாகமாகப் பாடியவர்களுக்கு அந்தத் தலைப்பின் கசப்பு உறைக்க வேண்டும். ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ 1972-இல் வந்தது. மெடானில் வட்டிக்கடைப் பெட்டியடிப் பையன்களாகப் போய் உலகப் போரில் மாட்டிக்கொண்ட தமிழர்கள் அதில் வருகிறார்கள். பாண்டியன் கடலில் புயலைத் தாண்டுகிறான், நேதாஜியின் படையில் சேர்ந்து பார்த்திராத சுதந்திர இந்தியாவுக்காகத் துப்பாக்கி பிடிக்கிறான், சின்னமங்கலத்தையும் மதுரைத் தெருக்களையும் நினைத்து நினைத்து மாய்கிறான், ஆனால் ஊர் வந்து சேர்வதில்லை. தானும் மெடானில் வேலை பார்த்த சிங்காரம் திரும்பிவந்து மதுரையில் பத்திரிகை வேலை பார்த்தார். அந்த நாவலை வரலாற்று நாவல் என்றும் பயண நாவல் என்றும் பேசியாகிவிட்டது. குரூசோவுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்க்கத்தான் ஆள் இல்லை.

இப்படிப் படிப்பதால் என்ன ஆகும் என்று கேட்கலாம். எனக்கு ஒரு கேள்வி கேட்கத் தெம்பு வருகிறது. தமிழ்நாட்டின் முகாம்களில் 1983 இனக்கலவரத்துக்குப் பிறகு வந்த இலங்கைத் தமிழர்கள் இருக்கிறார்கள். 2021-இல் ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயரை மாற்றினோம், நல்லதுதான். அங்கே பிறந்து, இங்கேயே பள்ளி, கல்லூரி முடித்தவர்கள் இன்று பிள்ளை பெற்றுவிட்டார்கள். ஆனால் இந்தியக் குடியுரிமைச் சட்டப்படி 1987 ஜூலை 1-க்கு முன் இந்த மண்ணில் பிறந்தவர்தான் பிறப்பாலேயே குடிமகன். அந்தத் தேதிக்குப் பிறகு பிறந்தவரிடம் அப்பா யார், அம்மா யார் என்று கேட்கிறோம். குரூசோவிடம் கேட்ட அதே கேள்வி. 2019-இன் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் மூன்றையும் எடுத்துக்கொண்டது, இலங்கையைத் தொடவில்லை.

முகாமில் இருப்பவர்களில் கணிசமானோர் என்னைப்போல மலையகத்தார். இனக்கலவரங்களுக்குப் பயந்து தோட்டத்தை விட்டு வவுனியா, கிளிநொச்சி என்று வடக்கே போய், அங்கேயும் போர் வந்து படகேறியவர்கள். இவர்களுடைய தாத்தாக்கள் 1964-இல் இந்தியா ஏற்றுக்கொண்ட ஐந்தேகால் லட்சம் என்ற கணக்குக்குள் அடங்க வேண்டியவர்கள். அந்தக் கணக்கு நிரம்புமுன்பே போரினால் 1980-களில் தலைமன்னார்க் கப்பல் நின்றுபோனது. முறையாகக் கப்பலில் வந்த நான் அரசு ஊழியனாகி ஓய்வூதியம் வாங்குகிறேன். கப்பல் நின்றபின் படகில் வந்த என் சித்தப்பா பேரன் வெளியூர் போனால் முகாம் அதிகாரியிடம் சொல்லிவிட்டுப் போகிறான். 2019-இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, இப்படிப்பட்ட மலையக வம்சாவளியினர் சிலருடைய மனுவில், அவர்களின் குடியுரிமை விண்ணப்பங்களைப் பரிசீலிக்கும்படி அரசுக்குச் சொன்னது. மத்திய அரசு புதிதாக எந்தச் சலுகையும் தர வேண்டாம். 1964-இல் கையெழுத்துப் போட்ட எண்ணிக்கையில் எத்தனை பேர் பாக்கி என்று பழைய கோப்பைத் திறந்து எண்ணிப் பார்க்கட்டும். முகாம்களில் இருக்கும் மலையகக் குடும்பங்களை அந்தப் பாக்கியில் சேர்த்துக்கொள்ளட்டும்.