இருவாட்சியின் இல்லறமும் முதுமரமும்

பறவைகளின் இணைபிரியாமையைக் கற்பெனப் புகழ்ந்து மாணவர்க்கு உரைப்பது நம்மிடையே வழக்கம். அதன் காரணத்தை விளக்குதலே அதனினும் பயனுடையது.

மலை இருவாட்சியை எடுத்துக்கொள்வோம். இனப்பெருக்கக் காலத்தில் ஆண், பழங்களைக் கொணர்ந்து பெண்ணுக்கு ஊட்டுகிறது. இது வெறும் காதற் சடங்கன்று. பின்வரும் கடமைக்கு முன்னோடி எனலாம். பெண் முதுமரத்தின் பொந்தினுட் புகுந்து, எச்சம் முதலியவற்றால் வாயிலை அடைத்து, அலகு நுழையும் பிளவை மட்டும் விடுகிறது. உள்ளே தன் பறக்கும் இறகுகளையும் உதிர்க்கிறது. ஏறத்தாழ 3 மாதங்கள் ஆண் தரும் உணவே அதற்கு உயிர். அவ்வாணைச் சுட்டு வீழ்த்தினால் குடும்பம் முழுவதுமே அழியக்கூடும்.

இப்பறவைகள் தாமாகப் பொந்து குடைவதில்லை; கிடைத்த பொந்தையே ஆண்டுதோறும் நாடி வருகின்றன. மரம் வீழ்ந்தபின் இணை இருந்தும் பயனில்லை. அருணாசலப் பிரதேசத்தின் பக்கே புலிகள் காப்பகத்தை அடுத்த காடுகளில் 2011-12இல் தொடங்கிய திட்டத்தில், ஒருகாலத்தில் இவற்றை வேட்டையாடிய நிஷி மக்களே கூட்டு மரங்களின் காவலராயினர்.

ஆதலின் களப்பணியாளர், பறவைகளை எண்ணுவதோடு நில்லாது, பொந்துள்ள மரம் ஒவ்வொன்றையும் பதிவேட்டில் குறித்தல் வேண்டும். முதிர்ந்த மரத்தைப் பயனற்றதென வெட்ட ஒப்புதல் அளிக்குமுன் அதனை அண்ணாந்து நோக்குதல் கடமையாகும். ஆசிரியரும் இணையின் அன்பைக் கூறுங்கால் மரத்தையும் சேர்த்தே கூறுவாராக.