பொது அறிவா, பொதி அறிவா?

வினாடி வினா என்றால் நம் கல்லூரியில் தனிக் கூட்டம் கூடுகிறது. கல்லூரி நாள் விழாவில் பட்டிமன்றத்துக்கு அடுத்தபடியாக அரங்கு நிறைவது அதற்குத்தான். மகிழ்ச்சி! ஆனால் அங்கே கேட்கப்படும் உலக வரலாற்று வினாக்களைச் சற்றே உற்று நோக்கினால் அந்த மகிழ்ச்சி பாதியாகி விடுகிறது. "பிரெஞ்சுப் புரட்சி தொடங்கிய ஆண்டு?" "1789." "கானாவின் பழைய பெயர்?" "கோல்டு கோஸ்ட்." "இந்தியாவுக்குக் கடல்வழி கண்டுபிடித்தவர்?" வினா முடியுமுன்பே மணி அடித்தாயிற்று. வாஸ்கோ ட காமா! பத்து மதிப்பெண், கைதட்டல், அடுத்த வினா.

வரலாற்றை முதன்மைப் பாடமாக எடுத்து மூன்றாம் ஆண்டு பயிலும் மாணவன் என்ற முறையில் எனக்கு ஓர் ஐயம். இங்கே சோதிக்கப்படுவது அறிவா? அல்லது பேருந்து நிலையக் கடைகளில் விற்கும் பொது அறிவுப் புத்தகத்தை யார் அதிகப் பக்கம் சுமந்து வந்தார் என்பதா?

"போட்டித் தேர்வில் அப்படித்தானே கேட்கிறார்கள்?" என்று நண்பர்கள் கேட்பது என் காதில் விழுகிறது. நியாயமான கேள்விதான். வீட்டிலேயே முதன்முதலாகக் கல்லூரி வாசலை மிதித்தவர்கள் நம்மில் பலர். அரசு வேலை என்பது நமக்கு ஆடம்பரம் அன்று. அடுப்பு எரிவதற்கான வழி. பல லட்சம் பேர் எழுதும் தேர்வில் கட்டுரை எழுதச் சொல்லித் திருத்திக்கொண்டிருக்க முடியாது என்பதும் உண்மை. நான்கு விடைகளில் ஒன்றைத் தேர்ந்து வட்டத்தைக் கருமையாக்கும் முறை இருக்கட்டும். ஒரு வரி வினாவை நான் எதிர்க்கவில்லை. அந்த ஒரு வரியில் எதைக் கேட்கிறோம் என்பதே என் வழக்கு.

ஹைட்டி நாட்டை எடுத்துக்கொள்வோம். "ஹைட்டி விடுதலை பெற்ற ஆண்டு எது?" என்று கேட்டால், "1804" என்பது விடை. சரி, இதைத் தெரிந்துகொண்டதால் என்ன தெரிந்துகொண்டோம்? அது முன்பு செயிண்ட் டொமிங்கு என்ற பெயரில் பிரான்சின் குடியேற்ற நாடாக இருந்தது. கரும்பும் காப்பியும் விளைந்து பிரான்சுக்குச் செல்வம் கொட்டிய பூமி. அந்தத் தோட்டங்களில் உழைத்தவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்ட அடிமைகளும் அவர்தம் வழிவந்தோருமாக ஏறக்குறைய ஐந்து லட்சம் பேர். பாரிசிலே மனித உரிமைப் பிரகடனம் வெளியாகி இரண்டு ஆண்டுகள் கழிந்தபின், 1791-இல், இவர்கள் கிளர்ந்தெழுந்தார்கள். அவர்களை நடத்திச் சென்ற துசேன் லூவெர்த்தியூர் 1802-இல் பிடிக்கப்பட்டு, அடுத்த ஆண்டே பிரான்சின் மலைக்கோட்டைச் சிறையில் மாண்டார். ஆனாலும் நெப்போலியன் அனுப்பிய படை தோற்றது. 1804 ஜனவரி முதல் நாள் தெசாலின் விடுதலையை அறிவித்தார்.

பொது அறிவுப் புத்தகம் இத்துடன் நின்றுவிடுகிறது. கதையோ இங்கேதான் தொடங்குகிறது எனலாம். 1825-இல் பிரெஞ்சு மன்னர் பத்தாம் சார்லஸ் போர்க்கப்பல்களை அனுப்பி ஹைட்டியிடம் 15 கோடி பிராங்க் கேட்டார். எதற்கு? தோட்டங்களையும் அடிமைகளையும் இழந்த பழைய முதலாளிகளுக்கு நட்ட ஈடாம்! அடிபட்டவன் அடித்தவனுக்குக் கைவலி மருந்துக்குக் காசு கொடுத்த கதை இது. முதல் தவணைக்கே பணமில்லாமல் பாரிசு வங்கியிலேயே கடன் வாங்கினார்கள். 1838-இல் மொத்தத் தொகை 9 கோடியாகக் குறைக்கப்பட்டது. ஆயினும் இதன் பொருட்டு வாங்கிய கடன்களின் கடைசிப் பாக்கி தீர்ந்தது 1947-இல். நம் நாடு விடுதலை பெற்ற அதே ஆண்டு!

ஹைட்டியின் இன்றைய வறுமைக்கு இக்கடன் ஒன்றே காரணம் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் செய்தித்தாளில் அந்நாட்டின் பஞ்சத்தையும் கலகத்தையும் படிக்கும்போது, 1804 என்ற எண்ணை மட்டும் அறிந்தவன், "ஆளத் தெரியாதவர்கள்" என்று சொல்லிப் பக்கத்தைப் புரட்டிவிடுவான். 1825-ஐயும் அறிந்தவன் அவ்வளவு எளிதாகப் புரட்ட மாட்டான். நாளைக்கு வகுப்பறையில் ஆசிரியராக நிற்கப்போவதும், அலுவலகத்தில் மனுக்களைப் பார்க்கப்போவதும் நாம்தானே? ஆகவே, "தன் விடுதலைக்காகத் தன்னை அடிமைப்படுத்திய நாட்டுக்கே நட்ட ஈடு கொடுத்த நாடு எது?" என்று கேளுங்கள். இதற்கும் விடை ஒரே சொல்தான். இதற்கும் வட்டத்தைக் கருமையாக்கலாம்!

'பழைய பெயர், புதிய பெயர்' என்ற பட்டியலும் அப்படியே. மேல் வோல்ட்டா, 1984-இல் புர்க்கினா பாசோ ஆயிற்று என்று மனப்பாடம் செய்கிறோம். ஆறு ஒன்றை வைத்து பிரெஞ்சுக்காரர் இட்ட பெயர் முன்னது. பின்னதில் 'புர்க்கினா' மோரே மொழிச் சொல். 'பாசோ' ஜூலா மொழிச் சொல். நேர்மையாளரின் நாடு என்பது பொருள். அந்நாட்டு மக்களைக் குறிக்கும் 'புர்க்கினாபே' என்ற சொல்லின் விகுதியோ பூலா மொழியினுடையது. ஒரு பெயரைச் சூட்டும்போதே மூன்று மொழியினரை ஓர் இலையில் உட்காரவைத்த அழகைப் பட்டியல் சொல்லுமா? மொழிக்காகப் போராடிய மாநிலத்தில் இருக்கும் நமக்கு இதைவிடச் சுவையான வினா வேறென்ன வேண்டும்?

இனி நம் வாஸ்கோ ட காமா. 'கண்டுபிடித்தார்' என்ற சொல்லே எனக்கு உறுத்துகிறது. கிழக்கு ஆப்பிரிக்காவின் மலிந்தி மன்னர் அனுப்பிய வழிகாட்டி மாலுமி ஒருவரின் துணையோடுதான் 1498-இல் அவர் நம் மேற்குக் கரையை அடைந்தார். கோழிக்கோட்டில் கரையிறங்கிய அவருடைய ஆளை எதிர்கொண்டு காஸ்டிலிய மொழியிலேயே பேசியவர்கள், துனிசு நகரிலிருந்து அவருக்கு முன்பே வந்து சேர்ந்திருந்த முஸ்லிம்கள் இருவர்! கண்டுபிடிக்கப்பட்டவர்கள் வந்தவரை வரவேற்றிருக்கிறார்கள். ஐரோப்பாவிலிருந்து ஆப்பிரிக்காவைச் சுற்றிக் கடல்வழியே வந்தவர் என்ற பெருமை அவருக்கு உண்டு. அதை யாரும் பறிக்க வேண்டாம். வினாவை மட்டும் திருத்திக் கேட்கலாம்.

பெண்களுக்கு முதலில் வாக்குரிமை தந்த நாடு நியூசிலாந்து, 1893 என்கிறோம். அங்கே பெண்கள் தேர்தலில் நிற்கும் உரிமை பெற்றது 1919-இல். மக்களாட்சிக்குப் பேர்போன சுவிட்சர்லாந்து தேசியத் தேர்தல்களில் பெண்களை வாக்களிக்க விட்டதோ 1971-இல்தான். இந்த மூன்று ஆண்டுகளையும் அருகருகே வைத்து ஒரு வினா அமைக்க எவ்வளவு நேரம் ஆகும்?

அடுத்த ஆண்டு கல்லூரி நாள் வினாடி வினாவுக்கு வெளியிலிருந்து வாங்கிய வினாத்தாள் வேண்டாம். உலக வரலாற்றுச் சுற்றுக்குரிய ஐம்பது வினாக்களை நம் மாணவர்களே நூலகத்தில் உட்கார்ந்து எழுதட்டும். துறைப் பேராசிரியர்கள் சரிபார்க்கட்டும். புத்தகத்தில் அச்சாகியிருக்கும் வினா எதுவும் அப்படியே வரக்கூடாது என்பது மட்டும் விதி. விழாக் குழுவினர் இதனைக் கருத்தில் கொள்ள வேண்டுகிறேன். முதல் வினாவை நானே எழுதித் தருகிறேன்.

ஆப்பிரிக்காவை ஐரோப்பியர் பங்கு போட்டுக்கொள்ள விதிமுறை வகுத்த 1884-85 பெர்லின் மாநாட்டில் 14 அரசுகள் கலந்துகொண்டன. அவற்றுள் ஆப்பிரிக்க அரசுகள் எத்தனை?