கூரையில் ஒரு கோதிக்

வில்னியஸ் நகரின் புனித அன்னாள் தேவாலயத்தை உள்ளங்கையில் ஏந்தி பாரீசுக்குக் கொண்டுபோக ஆசைப்பட்டாராம் நெப்போலியன். கதைதான். ஆனால் 1500-ஐ ஒட்டி எழுந்த அந்த லிதுவேனிய கோதிக் முகப்பில் 33 வடிவச் செங்கற்கள் இருப்பது நிஜம். அங்கே செங்கல்லில் நிமிர்ந்த கூர்முனை, பிரிட்டிஷார் வழியாக பெங்களூர் வந்து மரமாகிவிட்டது. 1898 பிளேக்குக்குப் பின் வளர்ந்த மல்லேஸ்வரத்தின் பழைய ஓட்டு வீடுகளில், ஜன்னலுக்கு மேல் கூராக நீளும் மரச்சட்டக் கூரை: 'மங்கி டாப்'. குரங்கு உட்காருமோ என்னவோ, வெயிலைத் தடுத்துக் காற்றை விடும்.

வில்னியஸ் பழைய நகரம் 1994 முதல் யுனெஸ்கோ பட்டியலில். மல்லேஸ்வரத்தில் வீட்டைவிட மனைக்குத்தான் விலை. அண்ணன் தம்பி பாகம் பிரித்தால் முதலில் இறங்குவது கூரை. வீட்டுக்காரரைத் திட்டுவது சுலபம். ஓடு மாற்ற ஆள் தேடிப் பார்த்தால் தெரியும். கழற்றிய மரம் பழைய சாமான் கடைக்குப் போகிறது, எடைக்கு.