பட்டமும் புள்ளியும்

பிள்ளையார்பட்டிக்கு வருகிறவர்களில் பெரும்பாலோர் கற்பக விநாயகரின் வலம்புரித் துதிக்கையைத் தரிசித்து, தலையில் குட்டிக்கொண்டு, தோப்புக்கரணம் போட்டுவிட்டுக் குன்றக்குடிக்குப் பஸ் ஏறிவிடுகிறார்கள். அந்தக் கோயிலின் கணக்கில் ஒரு பெரிய அரசியல் சாஸ்திரமே அடங்கியிருப்பதை யாரும் அவர்களுக்குச் சொல்லுவதில்லை.

நகரத்தார் சமூகத்துக்குக் கோயில்கள் ஒன்பது. அவற்றில் இது ஒன்று. இந்தக் கோயிலைச் சேர்ந்த ஒருவனுக்குக் கல்யாணம் நடந்தால் கோயிலிலிருந்து மாலை வர வேண்டும். கல்யாணம் கோயில் கணக்கில் ஏற வேண்டும். அன்றிலிருந்து அவனும் அவன் மனைவியும் சேர்ந்து ஒரு புள்ளி. பொதுக் காரியத்துக்குப் பணம் பிரித்தால், புள்ளிக்கு இவ்வளவு என்றுதான் வரி. ரங்கூனில் லட்சக் கணக்கில் கொடுக்கல் வாங்கல் நடத்திய முதலாளியும் ஒரு புள்ளி. அவர் கடையில் பேரேடு எழுதிய அடுத்தாளும் ஒரு புள்ளி. மூத்த பிள்ளை என்பதற்காக ஒருவனை ஒன்றரைப் புள்ளியாக எழுதும் வழக்கம் அங்கே கிடையாது.

ஆனால் செட்டிநாட்டைப் பற்றிப் பேச்சு வந்தால் நம் ஜனங்கள் வாய் நிறையச் சொல்லுவது இந்தப் புள்ளியை அல்ல, 'ராஜா' பட்டத்தைத்தான்! 1929ல் கானாடுகாத்தான் அண்ணாமலைச் செட்டியாருக்கு வெள்ளைக்கார சர்க்கார் அந்தப் பட்டத்தை வம்ச பரம்பரையாக வழங்கியது. மனிதர் அதற்குத் தகுதியற்றவர் என்று சொல்ல நான் வரவில்லை. சிதம்பரத்தில் 1920ல் மீனாட்சி கல்லூரியைத் தொடங்கி, பிறகு 20 லட்சம் ரூபாயைத் தூக்கிக் கொடுத்து அதைப் பல்கலைக்கழகமாக்கியவர். தமிழன் கச்சேரியில் தமிழ்ப் பாட்டுக் கேட்க வேண்டும் என்பதற்காக 1943ல் தமிழ் இசைச் சங்கம் கண்டவர். அவருக்கு நூறு பட்டம் கொடுக்கட்டும். என் சண்டை 'பரம்பரை' என்ற அந்த ஒரு வார்த்தையோடுதான். 1948ல் அவர் காலமானபோது பட்டம் மூத்த குமாரர் முத்தையாச் செட்டியாரிடம் போயிற்று. அவரும் லேசுப்பட்டவர் அல்ல. 1933லேயே சென்னை மேயராக இருந்தவர். அப்படிப்பட்டவருக்குத் தகப்பனார் பட்டம் எதற்கு? வேடிக்கையைப் பாருங்கள்: பட்டம் கிடைக்காத இளைய குமாரர் சிதம்பரத்தின் பெயர்தான் சேப்பாக்கம் கிரிக்கெட் மைதானத்தில் நிலைத்து, உலகம் முழுவதும் ரேடியோவிலும் டெலிவிஷனிலும் ஒலிக்கிறது.

பரம்பரைப் பட்டத்தின் யோக்கியதையைத் தெரிந்துகொள்ள, அது விளைந்த சீமைக்கே போய்ப் பார்க்கலாம். பரம்பரையாகப் பிரபு என்ற பட்டம் பெற்ற இந்தியர் ஒருவர் உண்டு: வங்காளத்து ராய்ப்பூர் சத்யேந்திர பிரசன்ன சின்ஹா. பெரிய வக்கீல்; வைஸ்ராயின் நிர்வாக சபையில் அமர்ந்த முதல் இந்தியர்; 1915ல் பம்பாய்க் காங்கிரஸுக்குத் தலைவர். 1919ல் அவரைப் பிரபுவாக்கி, அந்த வருஷத்து இந்திய அரசாங்க மசோதாவைப் பிரபுக்கள் சபையில் நடத்திக் கொடுக்கும் வேலையையும் அவர் தலையில் வைத்தார்கள். 1928ல் அவர் இறந்தார். பிள்ளை அருண் குமார் தன் இடத்தைக் கேட்டபோது பிரபுக்கள் கேட்ட கேள்வி என்ன தெரியுமா? 'உன் தாய் தந்தையர் கல்யாணம் எப்படிப்பட்டது?' என்பதுதான்.

கல்யாணம் 1880ல் ஹிந்து முறைப்படி நடந்தது. அந்தக் காலத்து ஹிந்து ஒன்றுக்கு மேல் தாரம் கட்டலாம். அப்படிக் கட்டக்கூடிய ஒருவனுடைய பிள்ளையை வாரிசு என்று ஏற்பதா என்று சட்ட மேதைகள் தாடையைத் தடவினார்கள். சின்ஹா தம்பதிகள் பிரம்ம சமாஜத்தில் சேர்ந்துவிட்டவர்கள், அங்கே ஏக தாரம்தான் விதி, பிள்ளை பிறந்தது அதற்குப் பிறகுதான் என்று நிரூபித்த பின்பே வழி திறந்தது. அப்போது வருஷம் 1939! சாம்ராஜ்யத்துக்கே மசோதா நடத்திக் கொடுத்தவரின் மனைவி யோக்கியமாகத்தான் தாலி கட்டிக்கொண்டாள் என்று நம்ப அவர்களுக்குப் பதினோரு வருஷம் பிடித்தது. பிள்ளையார்பட்டியிலோ கோயில் மாலை வந்ததா, கணக்கில் ஏறியதா என்பதோடு விசாரணை முடிந்துபோகும்.

இங்கிலாந்தும் இப்போது சலித்துவிட்டது. 1999ல் சட்டம் செய்து 92 பேரை மட்டும் வைத்துக்கொண்டு, அறுநூறுக்கு மேற்பட்ட பரம்பரைப் பிரபுக்களைச் சபையை விட்டு அனுப்பினார்கள். மிஞ்சியவர்களையும் அனுப்ப 2024ல் மசோதா வந்தது. நாம் 1950லேயே அரசியல் சட்டத்தின் 18வது ஷரத்தில் பட்டங்களுக்குக் கொள்ளி வைத்தோம். கருமாதிப் பத்திரிகையில்கூட இன்னும் பட்டத்தை அச்சடித்துக் கொண்டிருக்கிறோம் என்பது வேறு விஷயம்.

'மூத்தவனுக்கே எல்லாம் என்ற முறையால்தானே பிரபுக்களின் மாளிகைகள் இடியாமல் நிற்கின்றன? உங்கள் சமத்துவத்தால் செட்டிநாட்டு வீடுகள் நாற்பது பங்காளிகளுக்குச் சொந்தமாகி, ஓடு மாற்ற ஒரு கையெழுத்துக் கிடைக்காமல் சரிகின்றன; பர்மாத் தேக்குத் தூண்கள் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழஞ்சாமானாக விற்கப்படுகின்றன' என்று கேட்பார்கள். கேள்வி நியாயமானதே. அந்தத் தெருவில் ஒரு கதவு நிலையைப் பார்த்து எனக்கும் வயிறு எரிந்திருக்கிறது. ஆனால் அந்த வீடு நின்றபோது கல்யாணமான ஒவ்வொரு பிள்ளைக்கும் அதில் ஓர் அறை இருந்தது, தனி அடுப்பு இருந்தது. பிரபுவின் மாளிகையில் தம்பிக்கு என்ன இருந்தது? பட்டாளத்தில் ஓர் உத்தியோகம், இல்லாவிட்டால் பாதிரி அங்கி, அதுவும் இல்லாவிட்டால் நம் ஊருக்கு ஒரு கப்பல் டிக்கெட். தூண் விற்றுப் போகட்டும். தம்பியை விற்று மாளிகையைக் காப்பாற்ற வேண்டியதில்லை.

மூத்தவன் ஒருவனுக்கே சொத்து என்றால் சண்டை வராது என்பதும் பொய். இதே சிவகங்கைச் சீமையில் 1829ல் ஜமீன்தார் கெளரி வல்லப உடையத் தேவர் இறந்ததும் மூண்ட வாரிசு வழக்கு, அவர் மகள் காத்தம நாச்சியார் பக்கம் லண்டன் பிரிவி கவுன்ஸிலில் தீர்ந்தபோது வருஷம் 1863.

பட்டமாவது வெறும் சத்தம். பதவியே பரம்பரையானால்? அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் பழைய சட்டம், இணைவேந்தர் பதவியை நிறுவனருக்கும் அவர் சந்ததிக்கும் எழுதி வைத்திருந்தது. மகனுக்குப் பிறகு பேரர் எம்.ஏ.எம். ராமசாமி அந்த நாற்காலியில் இருந்தார். பண நெருக்கடி முற்றி, ஆசிரியர்களும் ஊழியர்களும் போராட்டத்தில் இறங்கிய பிறகு, 2013ல் சர்க்கார் புதுச் சட்டம் கொண்டுவந்து எடுத்துக்கொண்டது. குற்றம் யாருடையது என்று தீர்ப்புச் சொல்ல நான் உட்காரவில்லை. பல்லாயிரம் பிள்ளைகள் படிக்கிற இடத்தின் பொறுப்பு, யார் வயிற்றில் யார் பிறந்தார் என்பதைப் பொறுத்து எண்பது வருஷத்துக்கு மேல் நடந்ததே, அதை எப்படிப் பொறுத்தோம் என்றுதான் கேட்கிறேன். கோயிலுக்குப் புள்ளிக் கணக்கு வைத்தவர்களின் மத்தியில் பிறந்தவர், கல்லூரிக்குப் பிரபுக் கணக்கு வைத்துவிட்டார்!

புள்ளியில் குறையே இல்லை என்று நினைத்துவிட வேண்டாம். துணையை இழந்தால் அரைப்புள்ளி. பெண்ணுக்கோ பிறந்த கோயிலில் புள்ளியே கிடையாது. கட்டிக்கொடுத்த இடத்துக் கோயிலில் கணவனோடு சேர்த்துத்தான் அவளை எண்ணுகிறார்கள். இங்கிலாந்துப் பிரபுக்களும் நம் பங்காளிகளும் கைகோத்துக்கொள்ளுகிற இடம் இது ஒன்றுதான். வட்டிக் கணக்கை மனத்திலேயே போடுகிற நம் ஆச்சிகள், இந்தக் கணக்கை மட்டும் இத்தனை காலம் ஏன் தட்டிக் கேட்கவில்லை என்று எனக்கு விளங்கவில்லை.