காட்டிற்கு ஆசிரியர் யார்?

ஒரு மரத்தின் பெயரை அறிதல் வேறு. அம்மரத்தை அறிதல் வேறு. முன்னையது ஏட்டினால் வரும். பின்னையது அம்மரத்தின் நிழலில் வாழ்ந்தோர் வாய்க்கேட்டு வரும். இவ்விரண்டும் ஒருங்கே நிகழும் கல்வியொன்று அவுஸ்திரேலியாவின் வடகீழ்ப் பகுதியில், குவீன்ஸ்லாந்து மாநிலத்து மழைக்காட்டினுள் நடைபெற்று வருகின்றது. அங்குள்ள ஆதிக்குடிகள் அயலாரைத் தம் காட்டினூடே நடத்திச் சென்று, இன்ன மரம் இன்னதற்கு உதவும், இன்ன இலையைத் தீண்டலாகாது, இன்ன இடத்துக்கு இன்ன கதை உண்டு என்று சொல்லிக் காட்டுகின்றனர். இஃது உல்லாசப் பிரயாணத் தொழிலின் ஒரு கூறுதானே என்று ஒதுக்குவார் பலர். யான் அவ்வாறு எண்ணுகின்றிலேன். ஆசிரியத் தொழில் பூண்டோர் கூர்ந்து நோக்கவேண்டிய கல்வி முறையொன்று அதனுள் அடங்கியுள்ளது என்பதே என் துணிபு.

அக்காட்டின் பெருமையை முதற்கண் கூறுதல் தகும். குவீன்ஸ்லாந்தின் ஈர வெப்பவலயக் காடுகள் ஏறத்தாழ 8,940 சதுர கிலோமீற்றர் பரப்புடையன. நம் நாட்டுச் சிங்கராஜ வனம் உலக மரபுரிமைப் பட்டியலிற் சேர்க்கப்பெற்ற அதே 1988ஆம் ஆண்டிலேயே அவையும் அப்பட்டியலில் இடம்பெற்றன. அவற்றின் வடபாலுள்ளது டெயின்றி வனம். அதன் தென்பகுதியில் உள்ளது மொஸ்மன் பள்ளத்தாக்கு. அந்நிலத்துக்கு உரியோர் குக்கு யலஞ்சி மக்கள். ‘குக்கு’ என்பது அவர் மொழியிற் பேச்சைக் குறிக்கும் சொல். தம் பேச்சையே தம் பெயராகக் கொண்ட குடியினர் அவர். மக்களை ‘பாமா’ என்றும், நிலத்தை ‘புபு’ என்றும் அவர்கள் வழங்குவர்.

மொஸ்மன் பள்ளத்தாக்கில் 2012ஆம் ஆண்டு ஒரு நிலையம் திறக்கப்பெற்றது. அங்கிருந்து ஒன்றரை மணி நேர அளவில் இந்நடை நிகழ்கின்றது. தொடக்கத்தில் தழையை இட்டுப் புகையூட்டி வந்தோரை வரவேற்பர். புகையினூடே செல்வோர் தூய்மை பெற்று அந்நிலத்தின் விருந்தினராகின்றனர் என்பது கருத்து. பின்னர் வழிகாட்டி ஓர் இலையைப் பறித்து நீர் விட்டுக் கையிற் கசக்குவார். சவர்க்காரம் போல நுரை எழும். நம் பூவந்திக் கொட்டையில் உள்ள சபோனின் என்னும் பொருளே இத்தகைய இலைகளிலும் உளது. காவிக்கற்களை நீரில் உரைத்துச் செம்மை, மஞ்சள், வெண்மை ஆகிய வண்ணங்களை உண்டாக்கிக் கைமீது தீட்டிக் காட்டுவார். பிரம்புக்கொடியைக் காட்டி, அதன் முள் ஆடையைப் பற்றி இழுத்து நிறுத்துமாற்றையும், அதே கொடி கூடை முடைய உதவுமாற்றையும் கூறுவார். நெஞ்சு வடிவ இலையுடைய ஒரு செடியை எட்ட நின்றே சுட்டுவார். அது நம் காஞ்சோன்றியை ஒத்தது. ஆயினும் பன்மடங்கு கொடியது. அதன் நுண்மயிர் தைத்தால் நோவு பல மாதங்கள் மீண்டும் மீண்டும் எழுதலும் உண்டு. அந்நோவின் காரணமான நஞ்சின் அமைப்பைக் குவீன்ஸ்லாந்துப் பல்கலைக்கழக ஆய்வாளர் 2020ஆம் ஆண்டிலேயே கண்டு வெளியிட்டனர். அதனைத் தீண்டலாகாது என்பதோ அக்காட்டுச் சிறார் நடை பயிலும் பருவத்திலேயே கற்ற பாடம்.

இதனைப் பற்றி எங்கள் கலாசாலையில் உரையாடியபோது, உடன் கற்பிக்கும் அன்பர் ஒருவர் ஓர் ஆட்சேபம் எழுப்பினார். “முன்னோர் அறிவைப் பணம் கொடுத்து வருவோர்க்குக் காட்டுதல் கல்வியாகுமா? அது கூத்தன்றோ?” என்பது அவர் வினா. வினா நியாயமானதே. பழங்குடியினரை வேடிக்கைப் பொருளாக்கிக் காட்டிய கொடுமை உலகில் நிகழ்ந்ததுண்டு. ஆயினும், வேடிக்கைக்கும் கல்விக்கும் வேறுபாடு பணத்தில் இல்லை. வேதனம் பெற்றுத்தானே நாமும் கற்பிக்கின்றோம்? வேறுபாடு, எதைச் சொல்வது, எதைச் சொல்லாது விடுவது என்று தீர்மானிப்பவர் யார் என்பதில் உளது. காட்சிப் பொருளாயினார்க்கு அவ்வுரிமை இல்லை, ஆசிரியர்க்கு உண்டு. அக்குடிகளின் அறிவில் ஆடவர்க்கே உரியதும் பெண்டிர்க்கே உரியதும் உள. அயலார் செவிப்படலாகாதனவும் உள. அவற்றை வழிகாட்டி சொல்லார். ‘இவ்வளவே உமக்கு’ என்று நிறுத்தும் அதிகாரம் அவர் கையில் இருக்கும்வரை அந்நடை கூத்தாகாது.

இனி, அவ்வறிவு எத்தகையது என்பதற்கு ஒரு சான்று தருவேன். டெயின்றிக்குத் தெற்கே அதேட்டன் மேட்டுநிலத்தில் ஈச்சம், பரின், யூரமூ என மூன்று ஏரிகள் உள. அவை எரிமலை வாய்களில் நீர் நிறைந்து உண்டானவை. அவை தோன்றிய வரலாற்றை அப்பகுதிக் குடிகள் கதையாகக் கூறுவர். இளைஞர் இருவர் விலக்கை மீறினர், நிலம் பிளந்தது, மக்களை விழுங்கியது என்பது அக்கதை. அதனைப் பதிவு செய்த மொழியியலறிஞர் ஆர். எம். டபிள்யூ. டிக்சன், டிர்பல் மொழி பற்றி 1972ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் ஒரு செய்தி குறிக்கின்றார். கதை சொன்ன முதியவர், அது நிகழ்ந்த காலத்தில் அவ்விடம் அடர்காடாக இருக்கவில்லை, வெளியான புதர்நிலமாகவே இருந்தது என்றாராம். 1960களின் இறுதியில் பீற்றர் கேர்ஷோ என்னும் ஆய்வாளர் யூரமூ ஏரியின் அடிச்சேற்றில் உள்ள மகரந்தத்தை ஆராய்ந்தபோது, அங்கு மழைக்காடு ஏறத்தாழ 7,600 ஆண்டுகளுக்கு முன்னரே தோன்றியது என்பது புலனாயிற்று. எழுத்தறியாதார் என்று இகழப்பட்டோர், எழுத்து என்பதே உலகில் தோன்றாத காலத்துச் செய்தியை வாய்மொழியாகவே காத்து வந்தனர் போலும்! ஏட்டுச் சுவடிகளைச் செல்லுக்கு இரையாக்கிய நாம் இதனை எண்ணித் தலை வணங்குதல் வேண்டும்.

இலக்கணம் பயில்வோர்க்கு அந்த டிர்பல் மொழி தரும் விருந்து இன்னுமொன்று உளது. பகுத்தறிவு பற்றிச் சொற்களை உயர்திணை, அஃறிணை என நாம் இரண்டாகப் பிரித்தோம். டிர்பல் மொழியார் பெயர்களை நான்காக வகுத்தனர். ஆடவரும் பெரும்பாலான விலங்குகளும் ஒரு வகுப்பு, பெண்டிரும் நீரும் நெருப்பும் போரும் ஒரு வகுப்பு, உண்ணத்தகும் தாவர உணவு ஒரு வகுப்பு, ஏனையவை நான்காவது. ஒரு மரத்தின் பெயரைச் சொல்லும்போதே அஃது உணவு தருவதா அன்றா என்பதையும் இலக்கணமே சொல்லிவிடுகின்றது! ஆனால், அனெற் ஷ்மிற் என்னும் ஆய்வாளர் அம்மொழியின் இளந்தலைமுறையினர் பேச்சை ஆராய்ந்து 1985இல் வெளியிட்ட நூல் துயரமானதொரு செய்தியைத் தருகின்றது. ஆங்கிலம் ஓங்க ஓங்க அந்நான்கு வகுப்பும் சுருங்கின. உண்ணத்தகும் தாவரத்துக்குரிய தனி வகுப்பு இளையோர் நாவினின்று நழுவிற்று. ஓர் இலக்கண வகுப்பு மறைந்தபோது, காட்டில் எது உணவு என்று சொல்லிக்கொடுத்த ஓர் ஆசிரியர் மறைந்தார் என்றே யான் கருதுகின்றேன்.

இதில் மற்றொரு நியாயமும் அடங்கியுள்ளது. அக்காட்டிற் கருங்காராமணி மரம் என்று சொல்லத்தக்க ஒன்று உண்டு. அதன் பெருவிதை பச்சையாக உண்டால் நஞ்சு. அவ்விதையைச் சுட்டு, மெல்லியதாகச் சீவி, ஓடும் நீரிற் பலநாள் ஊறவிட்டு நஞ்சு நீக்கி உணவாக்கும் முறையை ஆதிக்குடிகள் கண்டிருந்தனர். 1981ஆம் ஆண்டு அவ்விதையினின்று கஸ்தனொஸ்பேர்மின் என்னும் பொருளை விஞ்ஞானிகள் பிரித்தெடுத்தனர். வைரசுகளை அடக்க அஃது உதவுமா என்ற ஆராய்ச்சி தொடர்ந்தது. அதிலிருந்து ஆக்கிய மருந்தொன்று சிங்கப்பூரில் டெங்கு நோயாளரிடம் சோதிக்கப்பட்டது; எதிர்பார்த்த பயன் கிட்டவில்லை. கிட்டியிருப்பின் ஊதியம் யாருடையதாகும்? இவ்வினாவைச் சட்டம் நெடுங்காலம் கேட்கவேயில்லை. 2020இல் திருத்தப்பெற்ற குவீன்ஸ்லாந்துச் சட்டம், ஆதிக்குடிகளின் மரபறிவைக் கொண்டு ஆய்வு செய்வோர் அவ்வறிவுக்குரியாருடன் உடன்படிக்கை காண முயலவேண்டும் என விதிக்கின்றது. காப்புரிமை கோருவோர் அவ்வறிவு யாரிடமிருந்து வந்தது என வெளிப்படுத்தல் வேண்டும் என்னும் சர்வதேச உடன்படிக்கையொன்று 2024ஆம் ஆண்டு மே மாதம் ஜெனிவாவில் நிறைவேறியது. கற்றவன் ஆசிரியரின் பெயரைச் சொல்லவேண்டும் என்பது நம் மரபில் மிகப் பழைய ஒழுக்கம். உலகம் அதனை இப்போதுதான் சட்டமாக எழுதத் தொடங்கியுள்ளது.

ஆசிரியர்க்குப் பள்ளி வேண்டும். காட்டாசிரியர்க்கு நிலம் வேண்டும். நிலமிழந்தவர் தாவரம் பற்றிப் பேசுவது, நூலகம் எரிந்தபின் நூற்பெயர்ப் பட்டியல் படிப்பது போன்றதே. குவீன்ஸ்லாந்தில் 1897இல் இயற்றப்பட்ட சட்டம் ஆதிக்குடிகளை அவர்தம் நிலத்தினின்று அகற்றி வேறிடம் அனுப்பும் அதிகாரத்தை அரசுக்கு வழங்கியிருந்தது. வெள்ளையர் வருகைக்கு முன் அந்நாடு யாருக்கும் உரித்தற்ற வெறுநிலம் என்ற கொள்கையை 1992ஆம் ஆண்டு மாபோ வழக்கில் உயர் நீதிமன்றம் தள்ளியது. 2007இற் கீழைக் குக்கு யலஞ்சி மக்களின் பூர்வீக உரித்தை நீதிமன்றம் ஏற்றது. 2021 செப்டெம்பர் 29ஆம் நாள் டெயின்றி உள்ளிட்ட 160,000 ஹெக்டேயருக்கு மேற்பட்ட வனநிலம் அவர்களுக்கே மீளளிக்கப்பட்டது. அரசும் அவர்களும் கூடி அதனைப் பரிபாலிக்கின்றனர். அந்நாள் முதல் வழிகாட்டி ‘இது எங்கள் காடு’ என்று சொல்வது மரபினால் மட்டுமன்றி உறுதியினாலும் மெய்யாயிற்று.

எல்லாம் நிறைவு என்று யான் சொல்ல வரவில்லை. ஒன்றரை மணி நேர நடை ஒரு வாழ்நாட் பயிற்சிக்கு ஈடாகாது. அயலார்க்குச் சொல்லும் ஆங்கில உரையை மனனஞ் செய்த இளைஞன், தன் பாட்டியோடு தன் மொழியில் அதே மரத்தைப் பற்றிப் பேச இயலாதவனாயின், அன்றே அந்நடை என் நண்பர் அஞ்சியவாறு கூத்தாகிவிடும். 1788இல் அவுஸ்திரேலியாவில் 250க்கு மேற்பட்ட மொழிகள் வழங்கின; இன்று குழவிகள் தாய்மொழியாகப் பயில்வன ஏறத்தாழ பன்னிரண்டே. ஆதலின், வருவோர் தரும் பொருள் சிறாரின் மொழிக் கல்விக்குப் பயன்படுகின்றதா என்பதே இம்முயற்சியை அளக்கும் கோல். வருவோர் தொகையால் அதனை அளத்தல் தவறு.

நம் பக்கமும் சற்றே நோக்குவோம். கபிலர் குறிஞ்சிப்பாட்டில் 99 பூக்களை அடுக்கிக் கூறினார். நம் மாணவர் அவற்றை மூச்சுவிடாது ஒப்புவிப்பர்; அவற்றுட் பத்தினை நேரிற் காட்டுக என்றால் விழிப்பர். பல பூக்கள் இன்னவை என்பதில் உரைகாரர்க்குள்ளும் அறிஞர்க்குள்ளும் ஐயம் உளது. பெயர் காத்தோம்; பூவை நழுவவிட்டோம். மற்றும், இவ்விலங்கையின் தொல்குடிகளாகிய வேடர் 1983இல் மதுறு ஓயா தேசிய வனம் அமைக்கப்பட்டபோது தம் வேட்டை நிலங்களை இழந்தனர். கீழ்க்கரை வேடர் நம்மோடு தமிழே பேசுவோர். அவர்கள் பற்றி செலிக்மன் தம்பதியர் 1911இல் எழுதினர். தமிழ்ப் பண்டிதர் எத்தனை பேர் அவர்களை அணுகி ஒரு மூலிகையின் பெயரேனும் கேட்டு எழுதினோம்?

ஆகவே ஆசிரிய அன்பர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றே. மாணவரைத் தோப்புக்கும் காட்டுக்கும் அழைத்துச் செல்லுங்கள். செல்லும்போது, பரீட்சையிற் சித்தியடையாதவராயினும் அந்நிலத்தை அறிந்த முதியவர் ஒருவரை முன்னே நடக்கவிடுங்கள். அவருக்கு வேதனமும் கொடுங்கள். அவர் பெயரையும் எழுதுங்கள். நூல் வல்லோராகிய நாம் ஒருநாளேனும் மாணவர் வரிசையில் நின்று கேட்போமாக. மொஸ்மன் பள்ளத்தாக்கின் வழிகாட்டிகள் உலகுக்குச் சொல்லும் பாடத்தில் நமக்குரிய பகுதி இதுவே.