நாய்க்காதும் கழுத்துப்பட்டியும்

ஜப்பானிய அனிமே பார்க்கும் பிள்ளைகளுக்கு நாய்க்காதும் பூனைக்காதும் வைத்த பெண் பாத்திரங்கள் புதிதல்ல. பெரியவர்கள் அதைக் கோமாளித்தனம் என்று கடந்துபோகிறார்கள். அந்தக் காதுகளோடு பெண்ணைப் பற்றிய ஒரு கருத்தும் வீட்டுக்குள் வருவதால், என்னால் அப்படிக் கடந்துபோக முடியவில்லை.

ருமிகோ தகஹாஷி 1996இல் ஆரம்பித்த ‘இனுயாஷா’ தொடரின் நாயகனுக்கும் நாய்க்காதுதான். அவன் கழுத்தில் ஒரு மந்திரமாலை இருக்கிறது. ககோமே என்ற பெண் ‘இரு’ என்று கட்டளையிட்டால் அவன் நிலத்தில் விழுவான். ஆனால், அவன் அந்த மாலையை வெறுக்கிறான், ஒவ்வொரு முறையும் சீறுகிறான்.

2019இல் அனிமேயாக வந்த ‘ஷீல்ட் ஹீரோ’ கதையில் ரஃப்தாலியாவுக்கு இருப்பது ரக்கூனின் காதும் வாலும். சிறுமியான அவளை நாயகன் அடிமை வியாபாரியிடம் விலைக்கு வாங்குகிறான். பின்னர் அவளது அடிமைக்குறி நீக்கப்படுகிறது. அவளோ தானே கேட்டு அதை மீண்டும் பொறித்துக்கொள்கிறாள். கதை இதை விசுவாசமாகவும் அன்பாகவும் காட்டுகிறது. ஆண் கட்டை வெறுத்தால் வீரம், பெண் கட்டைக் கேட்டு வாங்கினால் அன்பு. நான் ஆட்சேபிப்பது இந்த வேறுபாட்டைத்தான், காதுகளை அல்ல.

காது பாதுகாப்பாகவும் அமையலாம். 2019இல் அறிமுகமான இனுகாமி கொரோனே, நாய்க்காது வைத்த யூடியூப் பாத்திரம். அதற்குப் பின்னால் இருக்கும் பெண் தன் முகத்தைக் காட்டாமலே இலட்சக்கணக்கானவர்களோடு பேசுகிறார், விளையாடுகிறார்.

இந்தத் தேவை எங்களுக்கும் விளங்கும். போர் முடிந்த பின்னரும் கண்காணிப்புக்கும் ஊர்வாய்க்கும் அஞ்சி, முகநூலில் தம் முகத்துக்குப் பதிலாகப் பூவின் படத்தையோ குழந்தையின் படத்தையோ போடும் பெண்கள் எங்களிடையே பலர். முகத்தோடு கருத்துச் சொல்பவளுக்கு முதலில் கிடைப்பது பதிலல்ல, வசை. 2016 அளவில் ஸ்நப்சட்டின் நாய்க்காது வடிப்பான் உலகெங்கும் பரவியபோதும் இதுவே நடந்தது. ஆண்களும் அதைப் போட்டார்கள், ஒழுக்கம் கெட்டவர் என்ற பழி பெண்களுக்கு மட்டும் வந்தது.

ஆகவே, தொலைபேசியைப் பறிப்பதால் பயனில்லை. பிள்ளைகளோடு சேர்ந்திருந்து பார்த்து ஒரு கேள்வி கேட்கலாம்: இந்தப் பெண் ‘மாட்டேன்’ என்று சொன்னால், கதை அவளை அப்போதும் நல்லவளாக வைத்திருக்குமா? அதே கேள்வியை எங்கள் வீடுகளைப் பார்த்தும் அவர்கள் கேட்கக்கூடும். அதற்கும் நாங்கள் தயாராக இருக்கவேண்டும்.