விஸ்கி ஆலைக்கு ஒரு நாள் சுற்றுலா!

ஸ்காட்லாந்தில் விஸ்கி ஆலைகளைச் சுற்றிக் காட்டவே தனிச் சுற்றுலாக்கள் உண்டு. கிளென்ஃபிடிக் ஆலை 1969லேயே பார்வையாளர்களுக்குக் கதவைத் திறந்துவிட்டது. பார்லி ஊறுவது, செப்புக் கொப்பரையில் காய்ச்சுவது, ஓக் பீப்பாயில் குறைந்தது 3 வருடம் கிடப்பது... எல்லாவற்றையும் விளக்கிவிட்டுக் கடைசியில் ஒரு மடக்கும் கொடுப்பார்கள்.

திருச்சிக்கு வருவோம். ஸ்ரீரங்கத்தின் 236 அடி ராஜகோபுரம் 1987ல் கட்டி முடிக்கப்பட்ட கதையைச் சொல்ல இங்கே ஆள் இருக்கிறது. செந்தண்ணீர்புரம் சாராய ஆலை வாசலில் சுற்றுலா பஸ் நின்று பார்த்தவர் உண்டா?

காட்ட என்ன இருக்கிறது என்பதுதான் விஷயமே! இந்தியாவின் மலிவு விஸ்கிகளில் பல, சர்க்கரை ஆலையில் மிஞ்சும் மொலாசஸிலிருந்து வடித்த ஆல்கஹாலில் நிறமும் மணமும் சேர்த்தவை. ஐரோப்பாவில் அதை விஸ்கி என்ற பெயரில் விற்கவே முடியாது. இங்கே 2003 முதல் டாஸ்மாக் மூலம் அரசே சில்லறையில் விற்கிறது.

"சுற்றுலா விட்டால் குடியை வளர்த்த மாதிரி ஆகாதா?" என்று சிலர் கேட்பார்கள். ஆயிரக்கணக்கில் கடை திறந்துவிட்டு, ஆலையைக் காட்டினால் மட்டும் ஒழுக்கம் கெட்டுவிடுமா? கடை தெருவில் இருக்கலாம், ஆலை மட்டும் ரகசியமா?

2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் மெத்தனால் கலந்த கள்ளச்சாராயம் 60 பேருக்கு மேல் கொன்றது. அதற்குப் பிறகாவது "உள்ளே என்ன இருக்கிறது?" என்ற கேள்வி எல்லாச் சரக்குக்கும் வர வேண்டாமா? விற்கிற அரசுக்குக் காட்டுகிற கடமையும் உண்டு.

முதல் பஸ்ஸில் குடிப்பவர்களின் மனைவிமார்களை ஏற்றுங்கள். ருசி பார்க்க அல்ல, கேள்வி கேட்க!